மீதிக்கு நானே வாரேன்

ஏரல்
14-3-1992

அண்ணனுக்கு,

‘அன்புள்ள’ என்று எழுதி அடித்திருக்கிறேன். அடித்தது உங்களுக்குத் தெரிய வேண்டும் என்றுதான் வேறு தாள் எடுக்கவில்லை.

நீங்கள் ஆற்றோரத்து நாழிமடக்குக்குள் போய் ஒரு மாதம் ஆகப்போகிறது. மடக்கைச் சுற்றிப் புதுப் பாதை போட இடம் அளக்க வேண்டும், உள்ளேயே தங்க வேண்டும் என்று உங்கள் ஆபீசில் கேட்டபோது வேறு யாரும் வாய் திறக்கவில்லையாம். நீங்கள்தான் போகிறேன் என்றீர்களாம். வேலைமேல் அவ்வளவு ஆசையா? நான் கேட்ட கேள்விக்குப் பயந்துதான் அந்த மண்டபத்தில் போய் உட்கார்ந்திருக்கிறீர்கள். சீவலப்பேரி பஸ் நிறுத்தத்தில் நாலு பேர் முன்னால் கேட்டேன், ஒத்துக்கொள்கிறேன். “அப்பாவ ஒரு மணி நேரம் வச்சிருக்கக் கூடாதாண்ணே?” நீங்கள், “அன்னைக்கு...” என்று ஆரம்பித்தீர்கள். கண்டக்டர் கொம்பையா விசில் கொடுத்தான். ஏறிவிட்டீர்கள்.

அந்த நாளை நான் மறக்க மாட்டேன். காலையில் அப்பா போன சேதி வந்ததும் கட்டின சேலையோடு ஓடி வந்தேன். அடுப்பை அணைத்தேனா என்றுகூட நினைவில்லை. முந்தானையால் முகத்தை மூடி பஸ்ஸில் உட்கார்ந்தவள் சீவலப்பேரியில்தான் தலையைத் தூக்கினேன். வாசலில் அத்தை வீடு கழுவிக்கொண்டிருந்தாள். தண்ணீர் என் காலை நனைத்துக்கொண்டு போனது. அவ்வளவுதான் எனக்குக் கிடைத்த அப்பா. ஐயம்பெருமாள் பிள்ளைக்கு ஒரே மகள், முகம் பார்க்கவில்லை.

பதினாறு முடிந்து ஏரலுக்குத் திரும்பும்போது மடக்கில் எனக்கு ஒரு நாள் போனது. பள்ளிக்கூடத்தில் வெள்ளி என்று நினைத்துப் போனால் சனி. மனசு சரியில்லை, தாண்டும்போது சொல்லுகிற நடைச்சொல்லை எங்கேயோ விட்டு நழுவியிருப்பேன். அதுவும் உங்கள் தயவுதான்.

இப்போதெல்லாம் என் மூன்றாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு வாய்ப்பாட்டுக்கு முன்னால் நடைச்சொல்லைத்தான் சொல்லிக்கொடுக்கிறேன். பாதிப் பேர் மடக்கைத் தாண்டி வருகிறவர்கள், சொல் தப்பினால் உள்ளே ஒரு நிமிஷம் போவதற்குள் வெளியே நாள் போய்விடும்.

பாதிய வச்சிட்டுப் போறேன்,
மீதிக்கு நானே வாரேன்.
வேல கெடக்குது அங்கன,
காலு நடக்குது இங்கன.
பைய நட பொழுதே, பைய நட.

‘வேல’ என்கிற இடத்தில் அவரவர் வீட்டில் பாதியில் விட்டு வந்ததைச் சொல்ல வேண்டும், திரும்பும்வரை வீட்டில் யாரும் அதைத் தொடக் கூடாது என்று சொன்னேன். ஒருத்தி பாதி கடித்த முறுக்கை வைத்துவிட்டு வந்தாள். தம்பி தின்றுவிட்டான். வகுப்பெல்லாம் முடிந்து மணி அடித்த பிறகு அழுதுகொண்டு வந்து நிற்கிறாள்.

அத்தை வீட்டைத் துப்புரவாக்கி வைத்திருப்பதாகச் சொல்லி விட்டாள். நீங்கள் சௌக்கியமா என்று நான் கேட்கவில்லை.

பிரம்மநாயகி

*

நாழிமடக்கு மண்டபம்
வந்த நான்காம் நாள்

அன்புள்ள தங்கச்சி பிரம்மநாயகிக்கு,

நான் அடிக்கவில்லை பார்.

உன் கடிதத்தைக் கொம்பையா பஸ்ஸிலிருந்து வீசிவிட்டுப் போனான். படித்தேன். அதில் ஒரு மாதம் என்று எழுதியிருக்கிறாய். நான் வந்து நான்கு நாள்தான் ஆகிறது. நான்கு தடவை சமைத்தேன், நான்கு தடவை தூங்கினேன். முதல் மூன்று நாளும் வெளியில் உள்ள பொழுதும் என் பொழுதும் கைகோத்துத்தான் போயின. இன்று காலையிலிருந்து ஏதோ கழன்றுவிட்டது. பஸ்கள் ஒன்றன் பின் ஒன்றாகப் பறக்கின்றன, ஒன்றின் சத்தம் அடங்கும் முன் அடுத்தது. ஆற்றில் வெயில் விழுகிறது, திரும்பிப் பார்ப்பதற்குள் மழை பெய்கிறது.

எனக்குச் சந்தேகம் ஒன்றுதான். புறப்படும்போது வீட்டில் நார்க்கட்டிலைப் பாதி பின்னி வைத்துவிட்டு வந்தேன். அதைச் சொல்லித்தான் உள்ளே நடந்தேன். அது அப்படியே கிடக்கிறதா என்று பார்த்து எழுது. அத்தை துப்புரவாக்கினாள் என்று நீ எழுதியதைப் படித்ததிலிருந்து அதே நினைப்புதான்.

உன் கேள்விக்கு இப்போது பதில் எழுதவில்லை. கோபம் உடம்புக்கு ஆகாது என்று சொன்னால் அதற்கும் ஒரு கோபம் வரும் உனக்கு. வேளைக்குச் சாப்பிடு.

அண்ணன்
குமரகுருபரன்

*

சீவலப்பேரி
9-12-1992

அண்ணனுக்கு,

நான்கு நாள் என்று எழுதிய உங்கள் கடிதம் ஐப்பசியில் வந்தது. நீங்கள் போனது மாசியில். கொம்பையா கையில் வாங்கியதும் கட்டிலைப் பார்க்கக் கிளம்பினேன். அதற்குள் வெள்ளம் வந்துவிட்டது. போன மாதம் ஆறு ஊருக்குள் ஏறியது உங்களுக்குத் தெரிந்திருக்குமோ என்னவோ. அங்கே அது ஒரு நிமிஷ மழையாக இருந்திருக்கும்.

தண்ணீர் வடிந்ததும் வந்தேன். கட்டிலைப் பார்த்தேன். முழுதாகப் பின்னியிருந்தது.

கோமு அத்தையிடம் கேட்டேன். “ஏட்டி, சாவு விழுந்த வீட்ல பாதிக் கட்டில் கெடந்தா பாக்கவே நல்லாவா இருக்கு? பாடை கெடக்கது மாதிரில்லா இருந்துச்சு. நாந்தான் ஆளக் கூப்பிட்டு முடிக்கச் சொன்னேன்” என்றாள். அண்ணன் பாதியில் விட்டுப் போனது அது என்று சொன்னேன். அப்படியே உட்கார்ந்துவிட்டாள். உங்களைத் தூக்கி வளர்த்தவள். வீட்டில் இன்னொரு சாவு வரக் கூடாது என்று செய்திருக்கிறாள். அவளைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. அன்றிலிருந்து அவள் சரியாகச் சாப்பிடுவதில்லை.

நாரைப் பிரித்துப் பாதியாக்கிப் பார்த்தோம். மடக்கோரத்துப் பெரியவர்கள் கேட்டுச் சிரிக்கவில்லை, தலையைத்தான் ஆட்டினார்கள். பிரித்தது வேறு, முடியாமல் கிடந்தது வேறு என்றார்கள். ஒருதரம் முடிந்தால் பிடி போயிற்றாம்.

ஆகவே அளந்தது போதும். இந்தக் கடிதம் கண்டதும் கொம்பையா பஸ்ஸில் ஏறி வந்துவிடுங்கள். கேள்வியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

பிரம்மநாயகி

*

மண்டபம்
ஆறாம் நாள்

அன்புள்ள தங்கச்சிக்கு,

ஏறினேன். கொம்பையா கையைப் பிடித்துத்தான் ஏற்றினான். பஸ் முழுக்க நடைச்சொல். ஒருத்தி பாதி அரைத்த மாவைச் சொல்கிறாள், ஒருவர் பாதிச் சவரத்தோடு வந்து அதைச் சொல்கிறார். என் முறை வந்தபோது என் வாயில் கட்டில் என்றுதான் வந்தது, வேறு என்ன சொல்ல? மடக்கு முடிகிற இடத்தில் பனைவரிசை இருக்கிறதே, அது கண்ணில் பட்டது. அப்புறம் இருட்டு. முழித்தால் மண்டபத்துத் தூணில் சாய்ந்து கிடக்கிறேன். என் இருக்கை காலியாக ஊர் போய்ச் சேர்ந்திருக்கும்.

மூன்று தடவை நடந்தும் பார்த்துவிட்டேன். இதே தூண்தான். இங்கே உட்கார்ந்து புதிதாக ஒன்றைத் தொடங்கிப் பாதியில் வைத்தாலும் உதவவில்லை. வெளியே தொடங்கி, வெளியே விட்டதாக இருக்க வேண்டும். நழுவினவர்களிடம் நீ நழுவினாய் என்று சொல்லக் கூடாது, சொன்னால் அடுத்த தடவை நாக்குக் குழறும் என்பது நம் ஊர் வழக்கம். ஆனால் எனக்கு நானேதான் சொல்லிக்கொள்ள வேண்டியிருக்கிறது.

கொம்பையா காலையில் வந்தபோது மீசை கறுப்பு. சாயங்காலம் பார்த்தால் நரை. “அண்ணாச்சி, நீங்க அப்படியேதான் இருக்கீய” என்று சொல்லிவிட்டு அவன் அழுதான். எனக்கு அழுகை வரவில்லை. எல்லாரும் போன பிறகு வெளியே வந்து என்ன செய்ய என்று மட்டும் தோன்றியது.

வர முடியாது என்று ஆகிவிட்டால் உன்னைக் காக்க வைப்பது பாவம். அன்றைக்கு ஏன் என்று கேட்டாயே, அதை எழுதிவிடவா? எழுதினால் உனக்கு மனசு ஆறும். எனக்கும் பாரம் குறையும். ஆனால் அதைப் படித்த பிறகு நீ மடக்கைத் தாண்டக் கூடாது. சரி என்று ஒரு வரி போடு, எழுதிவிடுகிறேன்.

அண்ணன்
குமரகுருபரன்

*

ஏரல்
22-1-1995

அண்ணனுக்கு,

எழுதாதீர்கள்.

கடிதத்தில் இதற்கு மேல் ஒன்றும் படிக்காவிட்டாலும் இந்த ஒரு சொல்லைப் படியுங்கள். எழுதாதீர்கள். ஆரம்பித்திருந்தால் கிழித்து ஆற்றில் போடுங்கள்.

உங்கள் கடிதம் வந்த அன்று எனக்கும் ஆசையாகத்தான் இருந்தது. சரி என்று எழுதப் பேனாவை எடுத்துவிட்டேன். மூன்று வருஷமாக நெஞ்சில் கிடக்கிறது, தெரிந்துகொண்டால் தேவலை என்று இருந்தது. அப்போதுதான் பாதி முறுக்கை வைத்துவிட்டு வந்த பிள்ளை நினைவு வந்தாள். நீங்கள் வெளியே தொடங்கி, வெளியே பாதியில் விட்டுப் போனது கட்டில் ஒன்றுதானா? பஸ் நிறுத்தத்தில் என்னோடு தொடங்கிய சண்டை? அதை யார் முடித்தார்கள்? அத்தையால் அதற்கு ஆள் கூப்பிட முடியாது.

ஆகவே நான் உங்களோடு சண்டையில்தான் இருக்கிறேன். சமாதானம் கிடையாது. நீங்கள் மன்னிப்புக் கேட்கக் கூடாது, நானும் தர மாட்டேன். ஒரு மணி நேரம் அப்பாவை வைத்திருக்க மனசில்லாத மனுஷர் என்றுதான் உங்களைப் பற்றி இன்றைக்கும் நினைக்கிறேன். இதைக் கேட்டுக் கோபம் வந்தால் நல்லது. அந்தக் கோபத்தோடு நடந்து வாருங்கள். மூன்றாவது அடியில் ‘சண்ட கெடக்குது அங்கன’ என்று சொல்லுங்கள்.

கோமு அத்தை மார்கழியில் போய்விட்டாள். கடைசியில் கட்டிலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். அதில் படுக்க மாட்டேன் என்று தரையிலேயே கிடந்தாள். உங்களுக்காகக் காத்து வைத்திருக்க முடியவில்லை. மனுஷ உடம்பு எவ்வளவு நேரம் தாங்கும் என்று நீங்கள் நினைத்ததைத்தான் நானும் அத்தையை எடுத்த அன்றைக்கு நினைத்தேனோ என்னவோ. இதை எழுதியிருக்கக் கூடாது. சண்டை சண்டைதான்.

பிரம்மநாயகி

*

மண்டபம்
எட்டாம் நாளாக இருக்கலாம்

தங்கச்சிக்கு,

அத்தை சேதி படித்து ஆற்றில் முழுகினேன். போன வாரம்தான் எனக்குக் கருப்பட்டி கட்டிக் கொடுத்து அனுப்பியவள். பாதிதான் தின்றிருக்கிறேன்.

நீ சொன்னபடி நடந்தேன். மூன்றாவது அடியில் சண்டையைச் சொன்னேன். கால் மண்ணில் நின்றது. இத்தனை நாளில் முதல் தடவையாக என் பொழுதும் வெளிப்பொழுதும் ஒன்றாக நடப்பது காதில் கேட்டது. பறவை கத்தினால் ஒரு பறவை கத்தியது. பனைவரிசையைத் தாண்டிவிட்டேன் என்றே நினைத்தேன். கடைசிப் பனையில் கைகூட வைத்தேன். அந்த இடத்தில் கயிறு தொய்ந்த மாதிரி இருந்தது. மறுபடியும் தூண்.

கேட்கச் சங்கடமாக இருக்கிறது. நீ மனசு இளகிவிட்டாயா?

இளகியிருந்தால் உன்மேல் குற்றமில்லை. உன் கடிதத்தின் கடைசி நாலு வரியைப் படித்தபோது எனக்கும் கோபம் போய்விட்டது. இரண்டு பேரும் இல்லாத கோபத்தை எத்தனை நாள் பிடித்துக்கொண்டிருக்க முடியும்? பயமாக இருக்கிறது பிரம்மநாயகி. உன்னிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்ல.

அண்ணன்
குமரகுருபரன்

*

சீவலப்பேரி
3-7-1998

அன்புள்ள குமரகுருபரனுக்கு,

அண்ணன் என்று எழுதப் போனேன், கை நின்றது. கணக்குப் போட்டுப் பார்த்தேன். நீங்கள் எனக்கு ஐந்து வயது மூத்தவர். உங்களுக்கு இன்னும் முப்பத்துநாலுதான். எனக்கு முப்பத்தைந்து முடிந்துவிட்டது. மூக்குக் கண்ணாடி போட்டுவிட்டேன். இனிமேல் நீ என்றுதான் எழுதுவேன், பொறுத்துக்கொள்.

ஆமாம், இளகினேன். அப்பா திதிக்கு ஆற்றில் இறங்கி நிற்கும்போது, போகட்டும், அவன் அவனுக்குத் தெரிந்ததைச் செய்தான் என்று மனசுக்குள் சொன்னேன். நீ பனையில் கை வைத்தது அந்த நேரமாகத்தான் இருக்கும். நானே உன் பிடியை அவிழ்த்துவிட்டேன் என்று தெரிந்ததும் இரண்டு நாள் பள்ளிக்கூடம் போகவில்லை. கோபத்தைத் திரும்ப வரவழைக்கப் பார்த்தேன். வீடு கழுவின தண்ணீரை நினைத்தேன், உன் முகத்தை நினைத்தேன். வரவில்லை. நல்லவன் முகமாகத்தான் தெரிகிறது, நான் என்ன செய்ய.

ஆனால் ஒன்று இருக்கிறது. கோபம் போனாலும் கேள்வி போகவில்லை. அப்பாவை ஏன் வைத்திருக்கவில்லை என்று எனக்கு இன்னும் தெரியாது. நீ ‘அன்னைக்கு’ என்று சொன்னாய், அதற்கு மேல் வரவில்லை. நீ இங்கே பாதியில் விட்டுப் போனது அந்தச் சொல். அதை நான் முடிக்கவில்லை, ஊகிக்கவும் இல்லை. கொம்பையாவுக்கு ஏதோ தெரியும் போல இருக்கிறது. போன மாதம் சொல்ல வந்தான். வாயைப் பொத்திக்கொண்டு ஓடி வந்துவிட்டேன், பஸ்ஸில் எல்லாரும் சிரித்தார்கள். தெரிந்துகொள்ளாமல் இருக்கிறேன். ஆறரை வருஷமாக ஒரு பொம்பளை ஒரு பதிலைத் தெரிந்துகொள்ளாமல் வைத்திருப்பது எவ்வளவு பாடு என்று உனக்குத் தெரியாது.

எனக்கு இந்த ஊர்ப் பள்ளிக்கூடத்துக்கே மாற்றலாகிவிட்டது. இனி மடக்கைத் தாண்டும் வேலை எனக்கு இல்லை. நம் வீட்டில்தான் இருக்கிறேன். ராத்திரி வாசல் கதவைத் தாழ் போடுவதில்லை.

‘சொல்லு கெடக்குது அங்கன’ என்று சொல்லி நட. பைய நட. என்னைப் பற்றி நினைக்காதே, அந்தச் சொல்லை மட்டும் நினை. நீ வராமல் நான் சாகவும் மாட்டேன், கேட்காமல் விடவும் மாட்டேன்.

பிரம்மநாயகி

*

சீவலப்பேரி
பஸ் நிறுத்தம், டீக்கடை
17-2-1999

அன்புள்ள அக்காவுக்கு,

தேதியைக் கடைக்காரரிடம் கேட்டு எழுதினேன். ஒருமாதிரியாகப் பார்த்தார். கொம்பையா பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறான். கையைப் பிடித்தபடியே இருக்கிறான், எழுத விடமாட்டேன் என்கிறான்.

வந்துவிட்டேன். நடந்துதான் வந்தேன். நீ சொன்னதைச் சொன்னேன். கடைசிப் பனை பின்னால் போயிற்று. திரும்பிப் பார்க்கவில்லை.

வீடு நாலு எட்டுதான். ஆனால் வாயில் வைத்திருந்ததை வாயால் சொல்ல முடியும் என்று தோன்றவில்லை. நீயும் இனி மடக்குக்குள் போக வேண்டியதில்லை என்று எழுதியிருந்தாய். அதனால் இப்போது சொல்லலாம். கொம்பையாவிடம் இதைக் கொடுத்து அனுப்புகிறேன்.

அப்பா போனது வியாழக்கிழமை விடிகாலை. சேதி உனக்கு வந்ததும் வியாழன் காலை. பத்து மணி பஸ்ஸில் நீ ஏறினாய். அந்த பஸ் இங்கே வந்து நின்றதும் கொம்பையா ஓடி வந்தான். “அண்ணாச்சி, தங்கச்சி ஏறினா, நான்தான் டிக்கெட் கொடுத்தேன். இப்பம் சீட்டுல காணும்” என்றான். நீ எதையும் பாதியில் வைத்துவிட்டு வரவில்லை அக்கா. நடைச்சொல்லும் சொல்லவில்லை. அழுதுகொண்டே வந்தாய். நழுவிவிட்டாய்.

நான் வைத்திருந்தேன். வியாழன் பகல் முழுக்க வைத்திருந்தேன். சாயங்காலம் எடுக்க வேண்டும் என்று பெரியப்பாமார் சத்தம் போட்டார்கள். பிரம்மநாயகி வராமல் எடுக்க விடமாட்டேன் என்று வாசலில் குறுக்கே உட்கார்ந்தேன். பொழுது சாய்ந்தது. ராத்திரி ஐஸ் வாங்கி வரச் சொன்னேன். ஒவ்வொரு பஸ்ஸுக்கும் கொம்பையா போய்ப் பார்த்தான். வெள்ளி காலையும் நீ இல்லை. மத்தியானத்துக்கு மேல் அப்பா உடம்பு தாங்கவில்லை. அத்தை என் காலில் விழுந்தாள், அவரை இப்படிப் பார்க்க முடியவில்லை என்று. எடுத்தோம். நான் சுடுகாட்டில் நிற்கும்போது வெள்ளிக்கிழமை பஸ்ஸில் நீ உன் இருக்கையில் இருந்தாய், முந்தானையால் முகத்தை மூடியபடி.

உன்னைப் பொறுத்தவரை அது வியாழக்கிழமைதான். அப்படியே இருக்கட்டும் என்று வீட்டில் எல்லாரிடமும் சொல்லி வைத்தேன். நாள்காட்டியைக் கழற்றினேன். நீ வாராவாரம் மடக்கைத் தாண்டிப் போய் வருகிறவள். நழுவினாய் என்று தெரிந்தால் அடுத்த தடவை நாக்குக் குழறும், அப்புறம் உன்னை எந்த வருஷத்தில் தேடுவது? ஏரலில் உனக்கு ஒரு நாள் குறைந்தது போகும் வழியில் போனதல்ல. வந்த வழியில் போனது. கடைசியில் அதை நான் சொல்லத்தான் போனேன், “அன்னைக்கு” என்று. வீம்புதான். நாலு பேர் முன்னால் கேட்டாயே என்ற வீம்பு. விசில் வந்தது, நல்லதாயிற்று. முழுதாகச் சொல்லியிருந்தால் நான் இன்றைக்கு எதைப் பிடித்துக்கொண்டு வந்திருப்பேன்?

நான் உனக்காக ஒரு பகலும் ராத்திரியும் மறுநாளும் வைத்திருந்தேன். நீ எனக்காக ஏழு வருஷம் வைத்திருந்தாய். இதில் யார் யாரிடம் மன்னிப்புக் கேட்பது என்று தெரியவில்லை.

கருப்பட்டி இன்னும் பாதி இருக்கிறது. டீ ஆறிவிட்டது. படித்து, அழுது, முகம் கழுவிவிட்டுப் பைய வா அக்கா. எவ்வளவு நேரமானாலும் சரி. இந்தத் தடவையும் காத்திருக்கிறேன்.

உன் தம்பி
குமரகுருபரன்